பொறுக்கி எடுத்த பிம்பங்கள்

'பொறுக்கி' என்பது நம்மேல் வீசப்பட்ட வசைகளில் ஒன்று. அறுப்பு முடிந்த வயலில் சிந்திய கதிரைப் பொறுக்கியவர்கள், எலிவளையை வெட்டி நெல் எடுத்தவர்கள், குப்பைமேட்டில் இரும்பும் பாட்டிலும் பொறுக்கியவர்கள் யாரென்று நான் சொல்ல வேண்டியதில்லை. விளைவித்தவனுக்குச் சிந்தியதுதான் மிச்சம் என்கிற அயோக்கியத்தனத்தை விட்டுவிட்டு, சிந்தியதை எடுத்தவனைப் பார்த்துப் பொறுக்கி என்றது இந்தச் சாதித் தமிழ். சினிமாவிலும் இப்படியொரு பொறுக்கி மரபு உண்டு. தானாகக் கேமராவைத் தூக்காமல், அடுத்தவன் எடுத்துப் போட்ட நியூஸ்ரீல், குடும்பப் படம், போலீஸ் பதிவு, டிவி செய்தி, விளம்பரம், செல்போன் வீடியோ எல்லாவற்றையும் பொறுக்கி, வெட்டி, முன்பின் மாற்றி ஒட்டி, எடுத்தவன் நினைத்தே பார்க்காத ஒன்றைச் சொல்ல வைக்கிற வேலை. இதை அருங்காட்சியகக்காரர்கள் பரிசோதனை வீடியோ கலை என்பார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும்.

கூலிக்கும் பஞ்சமி நிலத்துக்கும் போராடுகிற இயக்கத்தின் பத்திரிகையில் இந்த எழவுக்கு என்னய்யா வேலை என்று தோழர்கள் கேட்கலாம். வேலை இருக்கிறது. நம்மைப் பற்றிய பிம்பங்களில் மிகப் பெரும்பகுதி நாம் எடுத்ததல்ல. வெள்ளைக்காரன் மானிடவியல் என்ற பெயரில் அளவுகோலோடு எடுத்தான். அரசாங்கம் நலத்திட்டம் வழங்கும்போது எடுத்தது. போலீஸ் கூட்டத்தில் முகம் அடையாளம் காண எடுத்தது. டிவி, குடிசை எரிந்த மறுநாள் வந்து எடுத்தது. இப்போது அடிக்கிறவனே எடுக்கிறான். இவ்வளவு பிம்பங்களும் யார் பீரோவில் இருக்கின்றன, யார் எடுத்து யாருக்குக் காட்டுகிறார்கள், அதை நாம் தொடலாமா, தொட்டால் என்ன செய்வது என்பதெல்லாம் கலைக்காரர்களின் வெட்டிப் பேச்சு இல்லை. நிலப்பத்திரம் யார் பெயரில் இருக்கிறது என்பதைப்போல இதுவும் ஒரு உடைமைப் பிரச்சினைதான்.

எஸ்ஃபிர் ஷுப் என்கிற சோவியத் பெண்மணியிடமிருந்து ஆரம்பிக்கிறேன். அவர் தொழில் படம் வெட்டி ஒட்டுவது. பிப்ரவரி புரட்சியின் பத்தாம் ஆண்டுக்காக 1927இல் 'ரொமானோவ் வம்சத்தின் வீழ்ச்சி' என்ற படத்தைத் தொகுத்தார். லெனின்கிராடுக்குப் போய் ஈரம் பிடித்துக் கிடந்த பழைய ஃபிலிம் டப்பாக்களைத் தேடினார். கிடைத்தவற்றில் ஜார் மன்னன் தன் சொந்தப் பெருமைக்காக, தன் சொந்தப் படப்பிடிப்பாளனை வைத்து எடுத்துக்கொண்ட படங்களும் இருந்தன. ஊர்வலம், ராஜகுடும்பம், வம்சத்தின் 300ஆம் ஆண்டு விழா. ஷுப் அதைக் கிண்டல் செய்யவில்லை, முகத்தில் கரி பூசவில்லை. கப்பல் தளத்தில் சீமான்களும் சீமாட்டிகளும் ஆடி வியர்த்துத் துடைத்துக்கொள்கிற காட்சியை வைத்தார். அதன் பக்கத்தில் மண் வெட்டி வியர்க்கிற கூலிகளை வைத்தார். முடிந்தது கதை. ஜார் கொடுத்த காசில் எடுத்த படம் ஜாருக்கு எதிராகச் சாட்சி சொல்லிவிட்டது. அதே வியர்வை, அதே ஃபிலிம், ஒட்டிய இடம் மட்டும் வேறு.

வெட்டி ஒட்டியவளை ஆசிரியர் என்று ஒத்துக்கொள்ள ஸ்டூடியோவுக்கு மனசு வரவில்லை. நீ என்னம்மா எடுத்தாய், எல்லாம் ஏற்கெனவே இருந்ததுதானே என்கிற வாதம். மாயகோவ்ஸ்கி அதைக் கண்டித்துப் பேசினார். வயலை வைத்திருக்கிறவன்தான் விவசாயி, நடவு நட்டவள் கூலி என்று நம்மூரில் சொல்கிறார்களே, அதே கணக்குத்தான் புரட்சி நடந்த நாட்டிலும்.

ஷுப்பின் பாடத்தை 2016இல் குஜராத்தில் பார்த்தோம். ஜூலை 11ஆம் தேதி ஊனாவுக்குப் பக்கத்தில் செத்த மாட்டின் தோலை உரித்த நம் இளைஞர்களைக் காரில் கட்டி வைத்து அடித்தார்கள். படம் எடுத்தவர்கள் அடித்தவர்களின் ஆட்கள். வெட்கப்பட்டு ஒளித்து வைக்க அல்ல, பெருமையாகப் பரப்ப எடுத்தார்கள். அதுதான் அவர்களுடைய கப்பல் தளத்து நடனம். அந்த வீடியோ நம் கைக்கு வந்தபிறகு சுரேந்திரநகரில் செத்த மாடுகள் கலெக்டர் ஆபீஸ் வாசலுக்கு வந்தன. ஆகஸ்ட் 15 அன்று ஊனாவில் பேரணி முடிந்தது. ஒரு சட்டகம்கூட மாறவில்லை. யார், எதற்குப் பிறகு, எதற்கு முன்னால் பார்க்கிறார்கள் என்பது மாறிவிட்டது.

மேற்கத்திய கலை வரலாற்றில் இந்த மரபுக்கு முதல் பீடம் போட்டு உட்கார வைத்திருப்பது புரூஸ் கானரை. 1958இல் 'எ மூவி' என்று பன்னிரண்டு நிமிடப் படம் செய்தார். கேமரா வாங்கக் காசில்லாமல், கடையில் மலிவாகக் கிடைத்த பழைய ரீல்களை வாங்கி ஒட்டினார். கார்கள் மோதுகின்றன, விமானங்கள் விழுகின்றன, அணுகுண்டு வெடிக்கிறது, தூக்கில் பிணங்கள் தொங்குகின்றன. கெட்டிக்காரத்தனமான படம். ஆனால் எனக்கு அதில் ஒரு குளிர்ச்சி தட்டுகிறது. எல்லா அழிவும் ஒரே விலைக்கு விற்கப்படுகிறது. யார் செத்தார்கள் என்று அந்தப் படத்திடம் கேட்க முடியாது. அதற்கு ஏழு வருடம் கழித்து, அமெரிக்கத் தடையால் ஃபிலிமுக்கே திண்டாடிய கியூபாவில், சந்தியாகோ அல்வாரெஸ் அமெரிக்கப் பத்திரிகைகளில் வந்த போட்டோக்களையும் செய்திப் படத் துண்டுகளையும் யாரிடமும் கேட்காமல் எடுத்து, லீனா ஹார்னின் பாட்டைப் பின்னால் ஓடவிட்டு 'நவ்' செய்தார். ஆறே நிமிடம். கறுப்பர்மேல் போலீஸ் நாய் பாய்கிறது, தடி விழுகிறது. கடைசியில் துப்பாக்கிக் குண்டுகள் சுவரைத் துளைத்து 'இப்போது' என்று எழுதுகின்றன. இருவரும் பொறுக்கினவர்கள்தான். கானருக்குப் பொறுக்கியதில் வேடிக்கை கிடைத்தது, அல்வாரெஸுக்கு ஆயுதம் கிடைத்தது. நான் யார் பக்கம் என்று சொல்ல வேண்டாம்.

ஆனால் ஆயுதம் என்று சொல்லி நிறுத்திவிட முடியாது என்பதைப் பிரிட்டிஷ் கறுப்பர்கள் காட்டினார்கள். 1985 செப்டம்பரில் பர்மிங்காமின் ஹேண்ட்ஸ்வொர்த் பகுதியில் கலவரம் வெடித்தது. டிவி முழுக்கத் தீயும் கல்லும் ஓடுகிற கறுப்பு உடம்புகளும். போர்ட்ஸ்மவுத்தில் ஒன்றாகப் படித்த கறுப்பின இளைஞர்கள் 1982இல் ஆரம்பித்த 'பிளாக் ஆடியோ ஃபிலிம் கலெக்டிவ்' அடுத்த வருடமே 'ஹேண்ட்ஸ்வொர்த் சாங்ஸ்' கொண்டுவந்தது. இயக்கியவர் ஜான் அகோம்ஃப்ரா. டிவியில் பார்த்த கலவரத்துக்கு நடுவே அவர்கள் வேறொன்றைச் சொருகினார்கள்: கரீபியத் தீவுகளிலிருந்து கப்பலில் வந்து இறங்கிய அப்பன் ஆத்தாக்களின் பழைய செய்திப் படங்கள், நல்ல கோட்டும் தொப்பியும் போட்டு நம்பிக்கையோடு இறங்குகிற முகங்கள். விளக்கம் சொல்கிற அதிகாரக் குரல் கிடையாது. கவிதை மாதிரி ஒரு குரல், இரும்பை உரசுவது போன்ற சத்தம், ரெக்கே இசை. கலவரம் ஏன் வந்தது என்று அந்தப் படம் காரணப் பட்டியல் போடுவதில்லை. அப்படி இறங்கியவன் பிள்ளைக்கு இப்படி ஆகியிருக்கிறதே என்று நெஞ்சில் குத்துகிறது, அவ்வளவுதான்.

1987 ஜனவரியில் சல்மான் ருஷ்தி 'கார்டியன்' பத்திரிகையில் இந்தப் படத்தைக் கடுமையாகத் தாக்கினார். மறுபடியும் கலவரம்தானா, ஹேண்ட்ஸ்வொர்த்தின் மனிதர்கள் எங்கே, அவர்கள் கதை எங்கே என்பது அவர் கேள்வியின் சாரம். ஸ்டூவர்ட் ஹால் சில நாட்களில் பதில் எழுதினார்: கலவரத்தைப் பேசும் தேய்ந்துபோன பாஷையை உடைத்து வேறு பாஷை தேடுகிறார்களே, அந்தப் போராட்டம் உங்கள் காதில் விழவில்லையா என்று.

இந்தச் சண்டை நமக்குப் புதுசா என்ன? தலித் இலக்கியம் என்றால் பட்ட கஷ்டத்தைப் பட்டபடி எழுது, சனங்களுக்குப் புரிகிற மாதிரி எழுது, உடைத்துப் போட்டு எழுதுவதெல்லாம் மேல்சாதிக்காரன் வேலை என்று ஒரு கட்சி. மொழியே அவனுடையதாக இருக்கும்போது அதே மொழியில் புலம்பினால் புலம்பலும் அவனுக்கே சொத்தாகும் என்று இன்னொரு கட்சி. கவிதை எழுதுகிற காரணத்தால் நான் இரண்டாம் கட்சி என்று தோழர்கள் முடிவு கட்டிவிடுவார்கள். ருஷ்தியின் கேள்வியில் பாதி நியாயம் இருக்கிறது என்பதே என் கட்சி. எரிகிற காரை எத்தனை அழகாக வெட்டி ஒட்டினாலும், அந்தத் தெருவில் டீக்கடை வைத்திருக்கிறவளின் பேச்சு அதிலிருந்து வராது. ஆனால் அவர் ஒன்றை மறந்தார். கதை சொல்ல உட்காருவதற்கு முன்னால், ஏற்கெனவே நம்மைப் பற்றிக் கட்டப்பட்டிருக்கும் கதையைப் பிரித்துப் போட்டாக வேண்டும். கப்பலில் இறங்கிய அந்த முகங்கள் டிவி நிலையத்தின் அலமாரியில்தான் அத்தனை வருசமும் கிடந்தன. கலவரத்தன்று அவற்றை எடுத்துக்காட்ட எந்த டிவிக்காரனுக்கும் தோன்றவில்லையே. தோன்றாது. இதைச் செய்ய அந்தப் பிள்ளைகள் வேண்டியிருந்தது.

இனி, படம் இருந்தாலே போதும், உண்மை வெளியே வந்துவிடும் என்று நம்புகிறவர்களுக்கு. 1991 மார்ச் 3ஆம் தேதி லாஸ் ஏஞ்சல்ஸில் ராட்னி கிங்கைப் போலீஸார் அடித்ததைப் பக்கத்துக் குடியிருப்பிலிருந்து ஒருவர் வீடியோ எடுத்தார். உலகமே பார்த்தது. இதைவிடச் சாட்சி வேண்டுமா என்றார்கள். வழக்கு நடந்த சிமி வேலி நீதிமன்றத்தில் போலீஸ் தரப்பு வக்கீல்கள் அந்த வீடியோவை மறைக்கவில்லை. அவர்களே திரும்பத் திரும்பப் போட்டார்கள். மெதுவாக ஓட்டினார்கள், ஒவ்வொரு சட்டகமாக நிறுத்தினார்கள். இதோ பாருங்கள், இங்கே அவன் காலைத் தூக்குகிறான், இங்கே எழப் பார்க்கிறான், போலீஸ் பயந்ததில் தப்பென்ன என்றார்கள். அடிகளுக்கு நடுவே இருந்த ஓட்டத்தைப் பிய்த்து எடுத்துவிட்டால் அடி தற்காப்பாகிவிடுகிறது. 1992 ஏப்ரல் 29 அன்று தீர்ப்பு: நான்கு பேரும் தப்பினார்கள், ஒருவர் மீதான ஒரே ஒரு குற்றச்சாட்டில் மட்டும் ஜூரிக்குள் முடிவு வரவில்லை. ஊர் பற்றி எரிந்தது, அறுபதுக்கும் மேற்பட்டவர்கள் செத்தார்கள். அதன் பிறகுதான், 1993இல், மத்திய வழக்கில் இரண்டு பேருக்குத் தண்டனை வந்தது. நிறுத்துவது, மெதுவாக்குவது, திரும்ப ஓட்டுவது என்று வீடியோ கலைஞன் கையில் இருக்கிற அத்தனை கருவியும் வக்கீல் கையிலும் இருந்தது. வெட்டி ஒட்டுகிற வித்தை நமக்குத் தெரியாவிட்டால், தெரிந்தவன் நம் உடம்பை வைத்தே செய்வான்.

ஆர்தர் ஜாஃபாவுக்கு வருகிறேன். மிசிசிப்பியில் 1960இல் பிறந்த கறுப்பர். ஜூலி டாஷ் இயக்கிய 'டாட்டர்ஸ் ஆஃப் தி டஸ்ட்' படத்தின் ஒளிப்பதிவாளர். பத்திரிகைகளில் கண்ட படங்களை வெட்டி நோட்டுப் புத்தகங்களில் ஒட்டி வைப்பதை வருசக்கணக்காகச் செய்துவந்தவர். 2016இல் 'லவ் இஸ் தி மெசேஜ், தி மெசேஜ் இஸ் டெத்' என்ற ஏழரை நிமிட வீடியோவை நியூயார்க்கில் காட்டினார். பெரும்பாலும் யூடியூபிலும் செய்தியிலும் கிடந்தவை, கொஞ்சம் அவரே எடுத்தவை. கானி வெஸ்ட்டின் ஒரு பாட்டு அடியில் ஓடுகிறது. (அந்தப் பாடகர் பின்னாளில் யூதர்களைப் பற்றிப் பேசிய அசிங்கத்தைப் படத்தின் தலையில் கட்ட முடியாது. ஆனால் இப்போது கேட்கும்போது தொண்டையில் சிக்கத்தான் செய்கிறது.)

என்ன இருக்கிறது அதில்? சர்ச்சில் சாமி வந்து ஆடுகிறார்கள். கூடைப்பந்து வீரன் ஆகாயத்தில் நிற்கிறான். சார்லஸ்டன் சர்ச்சில் கொல்லப்பட்ட பாதிரியாரின் இறுதிச் சடங்கில் ஒபாமா பாட ஆரம்பிக்கிறார். நீச்சல் குள விருந்துக்கு வந்த ஒரு சிறுமியைப் போலீஸ்காரன் தரையில் தள்ளுகிறான். வால்டர் ஸ்காட் முதுகைக் காட்டி ஓடுகிறார், 2015 ஏப்ரலில், போலீஸ்காரன் பின்னாலிருந்து சுடுகிறான். ஜேம்ஸ் பிரவுன் மேடையில் வியர்வையாய்க் கரைகிறார். இடையிடையே சூரியன் – நெருப்பு கொப்பளிக்கிற சூரியனின் மேல்பரப்பு. எதுவும் சில விநாடிகளுக்கு மேல் நிற்பதில்லை. சாவு வருகிறது, கண்ணை மூடுவதற்குள் ஆட்டம் வந்துவிடுகிறது. ஆட்டத்தில் மனசு தளர்வதற்குள் தடி வந்துவிடுகிறது. கறுப்பர் இசைக்கு இருக்கிற வலுவும் அழகும் கறுப்பர் சினிமாவுக்கு வர வேண்டும் என்பது ஜாஃபா பல வருடமாகச் சொல்லிவந்தது. சாவு வீட்டில் பறை அடிக்கும்போது நமக்கு அழுகையும் ஆட்டமும் தனித்தனியாகவா வருகிறது? அதுபோலத்தான் இதுவும். அடிக்கிற கையையும் ஆடுகிற காலையும் ஒரே தாளத்தில் வைக்கிறார். நம்மை வெறும் அடிவாங்கிய உடம்பாகவே காட்டிக் கண்ணீர் வாங்குகிற முற்போக்குப் படங்களுக்கு இதைவிட நல்ல பதில் நான் பார்க்கவில்லை.

இன்னொரு சின்ன விசயம். சில துண்டுகளின் மேல் படத்தை விற்கிற கம்பெனியான கெட்டியின் முத்திரை அப்படியே இருக்கிறது. காசு கட்டினால்தான் அது போகும். ஜாஃபா அதை அழிக்கவில்லை. நகைக்கடன் கவுண்டரில் உட்காருகிற எனக்கு அது உடனே கண்ணில் படுகிறது. பொட்டலத்தின் மேல் ஒட்டிய சீட்டு மாதிரி: பொருள் உன்னுடையது, ஆனால் பணம் கட்டும்வரை எங்கள் பெட்டகத்தில். கறுப்பு முகம், அதன் குறுக்கே கம்பெனிப் பெயர். அதைத் துடைக்காமல் விட்டதே ஒரு அரசியல்.

சரி, குறையே இல்லையா? இருக்கிறது, அதுவும் பெரிசு. இந்த வீடியோவைப் பெரிய பெரிய அருங்காட்சியகங்கள் வாங்கின. வெள்ளைக்காரப் பார்வையாளர்கள் இருட்டறையில் ஏழு நிமிடம் அழுதுவிட்டு, மனசு சுத்தமானது போல வெளியே வந்தார்கள். ஜாஃபாவுக்கே அது உறுத்தி, சுடச்சுடக் கிடைக்கிற ஞானத்தை விநியோகிக்கிறோமோ என்ற அர்த்தத்தில் பேசினார். அடுத்து வெள்ளையர்களைப் பற்றிய பிம்பங்களைப் பொறுக்கி 'தி ஒயிட் ஆல்பம்' செய்தார். அதற்கு 2019இல் வெனிஸில் தங்கச் சிங்கம் கொடுத்தார்கள். என்னத்தைச் சொல்ல, அதையும் விழுங்கிவிட்டார்கள். ஜார்ஜ் ஃபிளாய்ட் கொல்லப்பட்ட அடுத்த மாதம், 2020 ஜூனில், 13 அருங்காட்சியகங்கள் சேர்ந்து 48 மணி நேரம் 'லவ் இஸ் தி மெசேஜ்' வீடியோவை எல்லோரும் பார்க்கத் திறந்துவிட்டன. 48 மணி நேரம்! பிறகு மூடிவிட்டார்கள். யூடியூபில் சும்மா கிடந்ததைப் பொறுக்கிச் செய்தது, செய்து முடித்ததும் பெட்டகத்துக்குள் போய்விட்டது.

நம் பக்கம் திரும்புகிறேன். 2016 மார்ச் 13 அன்று உடுமலைப்பேட்டை பேருந்து நிலையத்துக்கு எதிரில் சங்கரை வெட்டிக் கொன்றதும் கௌசல்யாவை வெட்டியதும் கண்காணிப்பு கேமராவில் பதிவாயின. வழக்கில் அது சாட்சியாக நின்றது. 2015 ஜூனில் திருச்செங்கோடு மலைக்கோயிலில் இருந்த கேமரா, கோகுல்ராஜை அழைத்துப்போனதைப் பதிவு செய்திருக்காவிட்டால், 2022இல் வந்த தண்டனை வந்திருக்குமா? நீதிமன்றத்துக்கு அந்தப் படம் முழுசாக வேண்டும், ஒரு விநாடிகூடக் குறையக்கூடாது. அதில் எனக்கு மறுபேச்சே இல்லை.

ஆனால் உடுமலைப் படத்தை டிவிகள் நாள்பூரா சுற்றிவிட்டதும், நம் பிள்ளைகளே நினைவுநாள்தோறும் அதை ஸ்டேட்டஸில் வைப்பதும் வேறு விசயம். யார் பார்க்கிறார்கள்? வெட்டியவன் சாதிக்காரன் அதை வீரப்படமாகப் பார்க்கிறான். நம்ம வீட்டுப் பொண்ணு அதைப் பார்த்துத் தன் மனசில் இருக்கிற காதலை மூடி வைக்கிறாள். அந்த வீடியோ மேலே சொன்னபடி, இணைந்து வாழாதே என்கிற எச்சரிக்கைப் பலகையாகத்தான் வேலை செய்கிறது. கோபம் வருகிறதே என்பீர்கள். வருகிறது, பத்தாவது முறை பார்க்கும்போது மரத்துப் போகிறது. கொலைகாரன் தேர்ந்தெடுத்த நேரம், கொலைகாரன் தேர்ந்தெடுத்த இடம், மேலே எங்கோ தொங்குகிற கேமராவின் கோணம். அதில் சங்கர் தேர்ந்தெடுத்தது என்ன இருக்கிறது? ஜாஃபா ஸ்காட்டின் சாவைச் சில விநாடிக்கு மேல் வைக்காததன் நியாயம் இதுதான். வைத்ததுகூட இரண்டு பக்கமும் உயிரை நிறுத்திவிட்டு. குடும்பத்தார் வேண்டாம் என்றால் அந்தச் சில விநாடியும் வேண்டாம் என்பேன் நான். ஜாஃபா கேட்டிருப்பாரா தெரியாது, நாம் கேட்க வேண்டும்.

பிறகு எதைத்தான் பொறுக்குவது? 1956 டிசம்பர் 7ஆம் தேதி பம்பாயில் பாபாசாகேபின் இறுதி ஊர்வலம். நாமதேவ் வட்கர் என்ற மராத்திக் கலைஞர் தன் அச்சகத்தை அடகு வைத்துக் கேமராவுக்கும் ஃபிலிமுக்கும் பணம் புரட்டி அதைப் படம் பிடித்தார். இன்றைக்கு டிசம்பர் 6 வந்தால் கைபேசிக்குக் கைபேசி ஓடுகிற அந்த மனிதக் கடல் அப்படி வந்ததுதான். நான் பார்த்த எந்த வீடியோவிலும் வட்கர் பெயர் இல்லை. நாமே நம் ஆளைப் பெயரில்லாமல் பொறுக்குகிறோம். கெட்டியின் முத்திரையைத் திட்டுகிற வாய் இதையும் சொல்ல வேண்டும்: கம்பெனிக்குப் பெயர் போட வேண்டாம், அடகு வைத்தவனுக்குப் போடுங்கள்.

அடுத்தது, நம் தெருக்களில் கிடக்கிற கல்யாண கேசட்டுகள். தொண்ணூறுகளில் கடன் வாங்கியாவது வீடியோக்காரரை வரவழைத்தார்கள். அதில் என்னவெல்லாம் இருக்கிறது: பந்தலில் அம்பேத்கர் படம், சீர் தூக்கிப் போகிற அத்தைகள், குடித்துவிட்டு ஆடுகிற மாமன், கேமரா வெளிச்சத்துக்குக் கண்ணைச் சுருக்குகிற கிழவிகள், பின்னால் கூரை வீடுகள், இன்று இல்லாத ஒரு புளியமரம். போலீஸ் எடுக்காத, டிவி எடுக்காத, ஆய்வாளன் எடுக்காத நம் முகம் அங்கேதான் இருக்கிறது. பயமில்லாத முகம். ஊனாவையும் உடுமலையையும் சொல்லப் போகிற படத்துக்கு இரண்டு பக்கமும் நிறுத்த வேண்டிய உயிர் அதுதான். எங்கள் வங்கிக் கிளையில் கேமரா இருக்கிறது, முதியோர் பென்ஷனுக்கு வந்து காத்துக் கிடக்கிற கிழவிகளை நாள்பூரா பிடிக்கிறது, சில மாதத்தில் தானே அழிந்துபோகிறது. அதில் அவர்கள் சிரித்து நான் பார்த்ததில்லை. கேசட்டில் சிரிக்கிறார்கள்.

கேசட் நாடாவில் பூஞ்சை பிடிக்கும், ஈரத்தில் ஒட்டிக்கொள்ளும், ஓட்டினால் பிய்யும். அதை ஓட்டுகிற கருவியைக் கடைசியாகச் செய்துகொண்டிருந்த ஜப்பானின் ஃபுனாய் கம்பெனியும் 2016 ஜூலையில் நிறுத்திவிட்டது. பழைய ஸ்டூடியோக்காரர்கள் சிலரிடம் இன்னும் இருக்கும், கேட்டுப் பாருங்கள். எங்கள் தெருவில் ஒரு டெக் இருக்கிறது. ஹெட்டைத் துடைத்துத் துடைத்துப் போட்டால் ஓடுகிறது. கேசட் வைத்திருப்பவர்கள், மேலே யார் வீட்டுக் கல்யாணம், எந்த ஊர், எந்த வருசம், வீடியோ எடுத்தவர் பெயர் என்ன என்று ஒரு சீட்டில் எழுதி ஒட்டிக் கொண்டுவாருங்கள்.